மந்திரி வேஷம் கட்டிய அம்மாள்

எங்கள் வீட்டு மாடியில் குடியிருப்பவர் ஒரு வெள்ளைக்காரப் பெரியவர். மனைவி இறந்த பிறகு லண்டனை விட்டுத் திருவண்ணாமலைக்கு வந்து பத்து வருஷம் ஆகிறது. தமிழை எங்கள் ஊர்க்காரர் மாதிரியே பேசுவார். தினமும் கிரிவலப் பாதையில் நடப்பார். இட்லிக்கு மிளகாய்ப்பொடி ஜாஸ்தியாகக் கேட்பார். அந்தக் காலத்தில் கணவனும் மனைவியுமாக பிரிட்டிஷ் தொலைக்காட்சியில் வாராவாரம் ஆடிப் பாடி மந்திரிகளைக் கிண்டலடித்தவர்கள். இங்கே அப்படிச் செய்தால் மறுநாளே வாசலில் போலீஸ் நிற்கும் என்று நான் சொன்னபோது விழுந்து விழுந்து சிரித்தார்.

சாயங்காலம் காபிக்கு இறங்கி வரும்போது லேப்டாப்பில் அந்தப் பழைய நிகழ்ச்சிகளைப் போட்டுக் காட்டுவார். எனக்கு இங்கிலீஷ் ஓடாது. அவர்கள் பேசுகிற வேகத்துக்குச் சுத்தமாகப் பிடிபடாது. வீட்டுக்கு வந்தவர் ஆசையாகக் காட்டும்போது கல் மாதிரி உட்கார்ந்திருக்க முடியுமா? அதனால் அங்கே பார்க்க வந்த கூட்டம் சிரித்தால் நானும் சிரித்துவிடுவேன். என் கெட்டிக்காரத்தனத்தில் எனக்கே கொஞ்சம் பெருமைதான்.

போன மாசம் ஒருநாள் அவர் காபியைத் தொடவில்லை. "இதுதாம்மா கடைசி புரோகிராம்" என்று சொல்லி ஒன்றைப் போட்டார். அவர் மனைவி கோட்டும் முத்துமாலையுமாக மந்திரி வேஷத்தில் நின்றிருந்தார். படபடவென்று பேசிக்கொண்டே வந்த அந்த அம்மாள் சட்டென்று நிறுத்தினார். கையிலிருந்த தாளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். பக்கத்தில் நின்ற கணவரிடம் மெதுவாக ஏதோ கேட்டார். கூட்டம் கொல்லென்று சிரித்தது. நானும் வழக்கத்தைவிடப் பலமாகச் சிரித்தேன்.

அவர் படத்தை நிறுத்தினார்.

"நாம எங்க இருக்கோம்னு கேக்கறாம்மா," என்றார். "மறதி நோய் அன்னைக்குத்தான் வெளிய தெரிஞ்சுது. இவ மந்திரிய நக்கல் பண்றான்னு எல்லாரும் சிரிச்சாங்க. பக்கத்துல நின்னுக்கினு நானும் சிரிச்சேன்."

எனக்கு உடம்பெல்லாம் கூசிப்போனது. "மன்னிச்சிடுங்க சார். எனக்கு ஒன்னும் புரியாது. அவங்க சிரிச்சா நானும் சிரிப்பேன், அவ்ளோதான்" என்று உளறிக் கொட்டினேன். இத்தனை நாள் நடித்ததெல்லாம் அதோடு வெளியே வந்துவிட்டது.

அவர் கோபப்படவில்லை. கோபப்பட்டிருந்தால் தேவலை என்று இருந்தது.

"உங்களுக்கு இங்கிலீஷ் வராதுன்னு தெரியும்மா," என்றார். "அதனாலதான் காட்னேன். பேச்சு புரியலன்னா, நீங்களாவது அவ மூஞ்சிய பாப்பீங்கன்னு நெனச்சேன்."