துமிலிக்கு ஊர் இல்லை

என் மகள் எட்டாம் வகுப்பு படிக்கும்போது ஓர் உலகத்தைப் படைத்தாள். கேட்பவர்களுக்குச் சிரிப்பு வரலாம். எனக்கு இன்றும் சிரிப்பு வருவதில்லை.

அவள் அப்பா சாப்பிடும்போது சுரங்கத்தைப் பற்றிப் பேசுவார். நிலக்கரிக்கு அடியில் தண்ணீர் மேல்நோக்கி முட்டிக்கொண்டே இருக்கிறது, பம்புகள் ராப்பகலாக இறைக்காவிட்டால் சுரங்கத்தின் தரையே வெடித்துவிடும் என்பார். நான் கேட்டுப் பயந்தேன். அவள் கேட்டுக் கதை கட்டினாள். ஆதியில் உலகம் ஒரே கறுப்புப் பாளமாக இருந்ததாம். அதில் கோடில்லை, ஓட்டையில்லை, சத்தமில்லை. உள்ளே எது எதுவோ பிறக்க வழியில்லாமல் முட்டிக்கொண்டிருந்தது. ஒருநாள் ஓரிடத்தில் கிழிந்தது. அந்தக் கிழிசலுக்குப் பெயர் துமிலி. துமிலி போகிற வழியில் இருப்பது சரியும். சரிந்த இடத்தில் அதுவரை இல்லாத ஒன்று முளைக்கும். மழை, மாடு, பாட்டு எல்லாம் அப்படி முளைத்தவைதானாம்.

"அதென்னடி பேரு?"

"சொல்லிப் பாத்தேன், நல்லா இருந்துச்சும்மா."

துமிலிக்கு ஓர் அடையாளமும் வைத்திருந்தாள். ஒரு வட்டம், முனைகள் சேராது. அந்த இடைவெளி வழியாகக் கோடு வெளியே வளைந்து ஓடும். வெளியே ஒற்றைப் புள்ளி ஒன்று தனியாக நிற்கும். மார்கழி பிறந்ததும் அதையே வாசலில் கோலமாகப் போட்டாள். கோடு சேர வேண்டும், புள்ளி உள்ளே அடங்க வேண்டும் என்று நான் பழகியவள். சொல்லிப் பார்த்தேன். "சேந்துட்டா துமிலி செத்துடும்மா" என்றாள்.

எங்கள் பிளாக்கில் ஒவ்வொரு குவார்ட்டர்ஸிலும் ஒவ்வொரு ஜில்லாக்காரர்கள். ஒருவர் வழக்கம் இன்னொருவருக்குத் தெரியாது. தெரியாது என்று காட்டிக்கொள்ளவும் யாரும் தயாராக இல்லை. ஏதாவது நல்ல நாள் என்றால் பக்கத்து வாசலை ஒரு பார்வை பார்த்துவிட்டு, அதையே தலைமுறை வழக்கம்போலச் செய்துவிடுவார்கள்.

பக்கத்து வீட்டுப் பெண் விருத்தாசலம் பக்கம். என்னைவிட இளையவள். கோலத்தைப் பார்த்துக்கொண்டே நின்றாள்.

"யக்கா, இது ஒங்க திருநெவேலிப் பக்கத்துக் கோலமுங்களா? மார்கழிக்கு விசேசமா?"

நான் வாயைத் திறப்பதற்குள் எதிர்வீட்டுச் சேலத்துக்காரம்மா முந்திக்கொண்டார். "ஏன், எங்க பக்கமும் உண்டே! பொங்கல் வரைக்கும் இதைத்தான் போடுவோம்."

அவ்வளவுதான். சில நாட்களில் எங்கள் வரிசை முழுக்கத் துமிலி. செம்மண் கரை கட்டி, நடுவில் பூசணிப்பூ வைத்துக்கூடப் போட்டார்கள். என் மகள் பள்ளிக்கூடம் போகும்போது ஒவ்வொரு வாசலையும் பார்த்துக்கொண்டே போவாள். அந்த நடையை நான் அதற்குமுன் அவளிடம் பார்த்ததில்லை.

பொங்கலுக்கு முன்பே அது முடிந்தது. பக்கத்து வீட்டுக்காரர் இரவு ஷிப்டில் சுரங்கத்து ஈரக் களிமண்ணில் சறுக்கி விழுந்து காலை முறித்துக்கொண்டார். காலை பஸ்ஸில் வந்தவர்கள் செய்தி சொன்னார்கள். அவர் மனைவி ஆஸ்பத்திரிக்கு ஓடிப்போய்த் திரும்பியபோது தெருவே அவள் வாசலில் கூடியிருந்தது. கோலத்தால் வந்த வினையோ என்று பேச்சு எழுந்தது. யாரோ கேட்டார்கள், இந்தக் கோலம் உண்மையில் எந்த ஊருடையது என்று.

"எனக்கென்ன தெரியும்? இவங்க பொண்ணுதானே ஆரம்பிச்சா" என்றார் சேலத்துக்காரம்மா.

என் மகள் பையை மாட்டிக்கொண்டு பள்ளிக்கூடம் கிளம்பி நின்றிருந்தாள். கூட்டம் அவள் பக்கம் திரும்பியது.

"யாருடி சொல்லிக்குடுத்தா உனக்கு?"

"யாருமில்ல. நானே யோசிச்சேன்."

ஏதாவது ஒரு ஊர் அம்மன் பெயரைச் சொல்லியிருந்தால் அதற்குப் பொங்கல் வைத்துப் படையல் போட்டிருப்பார்கள். தானே யோசித்தாள் என்பதைத்தான் அவர்களால் தாங்க முடியவில்லை. "மார்கழி வாசல்ல வெளயாட்டா? அவ கையாலயே எல்லாத்தையும் அழிக்கட்டும்" என்றார்கள்.

முடியாது என்று நான் சொன்னேன். என் கணவர் என்னை உள்ளே இழுத்துப் போனார். "எனக்கு வேலை இன்னும் பெர்மனென்ட் ஆகல. இவங்க வீட்டுக்காரங்களோடதான் நான் தினமும் பஸ்ல போகணும்" என்றார். நாங்கள் வெளியே வருவதற்குள் அவளே வாளியையும் துடைப்பத்தையும் எடுத்துக்கொண்டு போய்விட்டாள்.

வாசல் வாசலாகத் தண்ணீர் ஊற்றிக் கூட்டினாள். பக்கத்து வீட்டு வாசலில் மட்டும் நின்றுவிட்டாள்.

"இதை அழிக்க மாட்டேன்."

"பாத்தீங்களா திமிர! அடிபட்ட வீட்டுலயே விட்டுட்டுப் போறாளாம்!"

"இது என்னோடது இல்ல. இது சேந்திருக்கு."

எல்லோரும் குனிந்து பார்த்தார்கள். வட்டம் முழுசாக மூடியிருந்தது. புள்ளி உள்ளே இருந்தது.

"ஆமாங்க, நாந்தான் சேத்தேன்" என்றாள் பக்கத்து வீட்டுப் பெண். "கோடு தெறந்துகினு கெடந்தா வூட்டுக்கு ஆவாதேன்னு பயந்துகினு..."

சேலத்துக்காரம்மா சொன்னார்: "அப்போ இந்த வரிசையில நீ ஒருத்திதான் மாத்திப் போட்டிருக்க. உன் வீட்டுக்குத்தானே வந்துச்சு?"

எல்லாக் கண்களும் என் மகளை விட்டு அந்தப் பெண் மேல் போயின. அவள் ஓர் அடி பின்னால் நகர்ந்தாள். எனக்கு மூச்சு வந்தது. என் பிள்ளை தப்பித்தாள். அவள் பேசாமல் இருந்தால் போதும்.

என் மகள் வாளியைக் கீழே வைத்தாள்.

"அக்காவை ஒண்ணும் சொல்லாதீங்க. மூடினாலும் ஒண்ணுமில்ல, தெறந்தாலும் ஒண்ணுமில்ல. துமிலின்னு எதுவும் கிடையாது. பொழுது போகாம நான் சும்மா கிறுக்கினேன்."

துமிலி யாரென்று அங்கே ஒருவருக்கும் தெரியாது. அவள் எதை விட்டுக்கொடுத்தாள் என்பது அந்தக் கூட்டத்தில் எனக்கு மட்டுமே தெரியும். கடைசிக் கோலத்தையும் அழித்துவிட்டு, கை கழுவி, பள்ளிக்கூடம் போனாள். அவர்கள் சமைக்கப் போனார்கள்.

மறுநாள் தெரு முழுக்கத் தாமரைக் கோலம். அதுவும் சேலத்து வழக்கம்தானாம். என் கணவருக்கு அந்த வருஷமே பெர்மனென்ட் ஆயிற்று. பக்கத்து வீட்டுக்காரர் கொஞ்சம் சாய்ந்து நடக்கிறார், அவ்வளவுதான். அவர் மனைவி இன்றும் எனக்குக் கிண்ணத்தில் குழம்பு அனுப்புகிறாள். அந்தக் காலையை அவளே மறந்துவிட்டாள் என்று நினைக்கிறேன்.

சில மாதம் கழித்து ஒருநாள் சாப்பாட்டின்போது அவள் அப்பா மறுபடியும் பேச்சை எடுத்தார்: அடியில் தண்ணீர் முட்டிக்கொண்டே இருக்கிறது, பம்பு நின்றால் தரை தாங்காது என்று. நான் பரிமாறுவதை நிறுத்திவிட்டு அவள் முகத்தையே பார்த்தேன்.

"மோர் ஊத்தும்மா" என்றாள்.