இரண்டாம் சரணத்தில் ஓம் இல்லை

லண்டன்காரர்கள் நாம் பேசும்போது ஒரு சத்தமும் போடாமல் கேட்கிறார்கள். வந்த புதிதில் இது என்னைப் படுத்திய பாடு கொஞ்சமல்ல. கவுன்சிலுக்குப் போன் எடுத்து விலாசம் மாறிய கதையைச் சொல்லிக்கொண்டு போனால், மறுமுனையில் மூச்சுக்கூட இருக்காது. வசனத்துக்கு வசனம் "ஹலோ, இருக்கிறீங்களா?" என்று கேட்டேன். "கேட்டுக்கொண்டுதானே இருக்கிறேன்" என்று கடைசியில் அந்தப் பெண் எரிந்து விழுந்தாள். நம் ஊரில் கேட்பதற்கென்று ஒரு சத்தம் உண்டு. அம்மா யாழ்ப்பாணத்திலிருந்து கதை சொல்லச் சொல்ல, ஒவ்வொரு வசனத்தின் வாலிலும் நான் இங்கிருந்து ஒரு ஓம், அதாவது எங்கள் ஊர் ஆமாம், வைக்க வேண்டும். வைக்காவிட்டால், "பிள்ளை, லைன் கட்டாப் போச்சோ?" என்பார். ஒருநாள் டிராமில் அப்படி ஓம், ஓம் என்று வந்துகொண்டிருந்தேன். எதிரே யோகாப் பாயைச் சுருட்டி மடியில் வைத்திருந்த பெண் கண்ணை மூடி, கைகூப்பி, என்னோடு சேர்ந்து மூச்சை இழுத்துவிடத் தொடங்கிவிட்டாள். அம்மா அப்போது சொல்லிக்கொண்டிருந்தது பக்கத்து வீட்டு மாடு எங்கள் முருங்கையைத் தின்ற கதை.

இந்த ஓம்தான் என்னைப் பெர்னிஸிடம் மாட்டிவிட்டது.

பெர்னிஸை எனக்கு யாழ்ப்பாணத்திலேயே தெரியும். பஸ்ஸில் ரியூசனுக்குப் போய்வந்த காலத்தில், சிநேகிதி ஒருத்தி தந்த பென் டிரைவில் பாட்டோடு பாட்டாக அவரும் ஏறி வந்திருந்தார். அதற்கு ப்ளூஸ் என்றோ சோல் என்றோ பெயர் இருப்பது அப்போது தெரியாது. இங்கிலீசும் பாதிதான் விளங்கியது. ஆனால் அந்த மனுசி ஒரு வரியைப் பாடிவிட்டுச் சற்று நிற்பார். இடைவெளியில் கிட்டார் ஏதோ பதில் சொல்லும். பிறகு அதே வரியை, இன்னும் அழுத்தமாக, திரும்பவும் பாடுவார், சந்தையில் நியாயம் கேட்கிற பெண்கள் மாதிரி. அன்றே நான் அவருடைய ஆள். மாஸ்டர்ஸ் படிக்க லண்டன் வந்து, வேலை தேடி, மிச்சம் என்ற இடத்தில் ஓர் அறையும் எடுத்த பிறகு ("எதின்ரை மிச்சம்?" என்று அம்மா இன்னும் கேட்கிறார்) அந்த மெயில் வந்தது. எழுபத்தாறு வயதில், நெடுங்காலத்துக்குப் பிறகு, பெர்னிஸ் ஒரு புது ஆல்பம் செய்கிறார். கடைசிப் பாட்டைப் பதியும்போது முப்பது ரசிகர்கள் கூட இருக்கலாம். மூன்றாவது நிமிடம் பதில் போட்டேன்.

ஸ்டூடியோ ஒரு ரயில் பாலத்துக்கு அடியில் இருந்தது. ஒரே ஒரு கட்டளை: சிவப்பு விளக்கு அணையும்வரை தும்மவும் கூடாது. கிட்டார் ஒன்று, பெர்னிஸ், நடுவில் மைக். முதல் தடவை பெர்னிஸுக்கு இருமல் வந்தது. இரண்டாம் தடவை வரி மறந்துபோனது. "இன்னும் ஒண்டுதான் இந்தத் தொண்டையில இருக்கு. அதோட கடை பூட்டு" என்று சிரித்தார். ஆனால் அது பகிடி இல்லை. நாளையிலிருந்து ஸ்டூடியோ வேறு யாருக்கோ. இன்று சரிவராவிட்டால் ஆல்பத்தில் அந்தப் பாட்டே இல்லை.

மூன்றாம் தடவை அவர் பாடியதை எப்படி எழுதுவது என்று தெரியவில்லை. ஜமைக்காவிலிருந்து இருபது வயதில் வந்து, தெருமுனைப் போன் பெட்டிக்குள் நின்று தாய்க்குக் கதை சொல்கிற பாட்டு. மம்மா, இங்கே குளிர் காதுக்குள் போகிறது. நிறுத்தம். மம்மா, என் இங்கிலீசு பஸ் கண்டக்டருக்கு விளங்கவில்லை. நிறுத்தம். மம்மா, நான் நன்றாகத்தான் இருக்கிறேன்.

"ஓம்" என்று யாரோ சொன்னார்கள்.

இருபத்தொன்பது தலைகள் என் பக்கம் திரும்பியபோதுதான் அந்த யாரோ நான் என்று தெரிந்தது. அதற்கு முந்திய இரண்டு நிறுத்தங்களிலும் சொல்லியிருக்கிறேன். இரண்டாம் சரணம் முழுக்க ஸ்கார்ஃபை வாய்க்குள் அடைத்துக்கொண்டு இருந்தேன்.

விளக்கு அணைந்தது. ஒலிப்பதிவாளர் கண்ணாடிக்குப் பின்னாலிருந்து, "முதல் சரணத்தில ஒரு சாமியார் இருக்கிறார். அதே மைக்கில விழுந்திருக்கு, வெட்டியெடுக்க ஏலாது" என்றார். பெர்னிஸ் தொண்டையைத் தடவினார்.

"என்ரை ரெக்கோர்டில ஆர் யோகா செய்யிறது?"

எழுந்தேன். "யோகா இல்லை, மிஸ் பெர்னிஸ். எங்கட பாஷையில அது யெஸ். சொல்லுங்கோ, கேட்டுக்கொண்டிருக்கிறன் எண்டு அர்த்தம். அம்மாவோட கதைச்சுக் கதைச்சு வாய் தானா..."

"எல்லாத்துக்கும் அதைத்தான் சொல்லுவியோ?"

"ஓம்" என்றேன்.

எல்லோரும் சிரித்தார்கள், பெர்னிஸைத் தவிர. அவர் ஹெட்போனை மாட்டி, கண்ணை மூடி, பாட்டை முழுக்கக் கேட்டார். என் வாழ்க்கையின் மிக நீண்ட நாலு நிமிடம் அது. விசா நேர்காணல்கூட இவ்வளவு நீளவில்லை.

"ரெண்டாவதில ஏன் நிப்பாட்டினாய்?"

"வெக்கத்தில."

"நல்ல வெக்கம்." ஹெட்போனைக் கழற்றினார். "ரெண்டாவதில அதே நம்பருக்குத்தான் திரும்ப எடுக்கிறன். மம்மா செத்துப்போனா. மணி மட்டும் அடிக்குது. அங்க ஆரும் யெஸ் சொல்லக்கூடாது." பிறகு கண்ணாடியைப் பார்த்து, "அதை அப்படியே விடு. இந்தப் பிள்ளையின்ரை பெயரை எழுது" என்றார்.

ஆல்பம் வந்துவிட்டது. அட்டையின் பின்பக்கம், கிட்டார்காரரின் பெயருக்குக் கீழே, பொடி எழுத்தில் 'தர்ஷி: யெஸ்' என்று இருக்கிறது. கீழைத்தேயத் தியானத்தின் சாயல் தெரிகிறது என்று ஒரு விமர்சகர் இணையத்தில் எழுதியிருக்கிறார். அவருக்கு முருங்கை மரத்துக் கதையை யார் சொல்வது?

போன ஞாயிறு இசைத்தட்டைச் சுழலவிட்டு, வாட்ஸ்அப்பில் அம்மாவை எடுத்து, போனை ஸ்பீக்கருக்குப் பக்கத்தில் சாய்த்து வைத்தேன். மூன்றாவது வரியில் அம்மா துள்ளினார்.

"ஏய், அது நீயெல்லே! பாட்டுக்குள்ளயும் வாயை வச்சுக்கொண்டு சும்மா இருக்க மாட்டியோ?"

"உஷ், அம்மா, கேளுங்கோ."

இரண்டாம் சரணம் வந்தது. பெர்னிஸ் ஒரு வரி பாடி நிறுத்தினார். மணி மட்டும் அடிக்கிற வீடு. நான் வாயைத் திறக்கவில்லை, அன்று போலவே. அம்மாவுக்கு இங்கிலீசு தெரியாது. மனுசி ஏதோ சொல்கிறார், கேட்கிறவர் பேசாமல் இருக்கிறார் என்பது மட்டும் விளங்கியிருக்க வேண்டும்.

"ஓம்" என்றார், யாழ்ப்பாணத்திலிருந்து, அரைநொடி பிந்தி.

அடுத்த வரி, நிறுத்தம். "ஓம்."

தட்டு சுழன்றுகொண்டிருந்தது. நான் ஸ்பீக்கருக்கும் போனுக்கும் நடுவில் தரையில் உட்கார்ந்திருந்தேன். பாட்டு முடிந்ததும் அம்மா, "சரி, பிறகென்ன நடந்ததாம் அந்த மனுசிக்கு?" என்று கேட்டார்.