எழுபது வயது வரைக்கும் ஒரு வீடு

வங்கிக்கு நான் போனது கைபேசி எண்ணைச் சேர்க்க. வீட்டுக் கடன் பற்றிய செய்திகள் எல்லாம் என் கணவரின் எண்ணுக்குத்தான் போகும். அவர் படிக்காமலே அழித்துவிடுவார். என் எண்ணையும் கொடுத்துவிடலாம் என்று மருத்துவமனையில் ஒரு மணி நேரம் பர்மிஷன் போட்டுவிட்டுப் போயிருந்தேன். நான் பிசியோதெரபிஸ்ட். தில்லை நகர்ப் பக்கம் ஒரு தனியார் மருத்துவமனையில் வேலை. கணவர் அரியமங்கலத்தில் ஒரு ஃபேப்ரிகேஷன் பட்டறையில் சூப்பர்வைசர். காட்டூரில் வீடு வாங்கி அப்போது நாலரை வருடம் ஆகியிருந்தது.

கவுண்டரில் இருந்த பெண் என்னைவிடச் சின்னவள். எண்ணைத் தட்டிக்கொண்டே, பேச்சுவாக்கில், "சாருக்கு எழுபது வயசு வரைக்கும் போகுதே மேடம். பென்ஷன் வர்ற வேலையா?" என்றாள்.

"எது போகுது?"

"லோன்தான்."

"இல்லங்க, நாங்க இருபது வருஷத்துக்குத்தான் போட்டோம். இன்னும் பதினஞ்சு, பதினாறு வருஷம் இருக்கும்."

அவள் திரையை இன்னொரு முறை பார்த்தாள். "இன்னும் இருபத்தேழு வருஷம் காட்டுது மேடம்."

வேறு யாருடைய கணக்கையோ பார்க்கிறாள் என்று நினைத்தேன். கணவர் பெயரைக் கேட்டேன், விலாசத்தைக் கேட்டேன். எல்லாம் எங்களுடையதுதான்.

"நடுவுல வட்டி ஏறிச்சில்லங்களா. மாசத் தவணைய ஏத்தாம அப்படியே விட்டுருக்கீங்க. அதனால வருஷம் ஏறிருக்கு. மெசேஜ் வந்திருக்குமே."

வந்திருக்கும்.

"அசல்ல எவ்வளவு கழிஞ்சிருக்கு?"

"ரெண்டு லட்சம், கொஞ்சம் முன்ன பின்ன."

முப்பது லட்சம் வாங்கியிருந்தோம். ஒரு மாதம்கூடத் தவறாமல் பன்னிரண்டு லட்சத்துக்கு மேல் கட்டியிருந்தோம். மீதிப் பத்து லட்சம் எங்கே என்று கேட்க வாயெடுத்தவள், அதற்குள் பதில் புரிந்துவிட்டதால் கேட்கவில்லை. பின்னால் நின்றவர் டோக்கனை ஆட்டிக் காட்டினார். எழுந்து வந்துவிட்டேன்.

அன்றைக்கு மத்தியானம் பக்கவாதம் வந்த ஒருவருக்குக் கை விரல்களை மடக்கி நீட்டிக்கொண்டிருந்தேன். எத்தனை முறை செய்தேன் என்ற கணக்கு விட்டுப்போனது. மனசு இருபத்தேழு வருஷத்திலேயே சுற்றிக்கொண்டிருந்தது. என் மகளுக்கு அப்போது பத்து வயது. அவளுக்கு முப்பத்தேழு ஆகும்போதும் அவள் அப்பா தவணை கட்டிக்கொண்டிருப்பார்.

சாயங்காலம் கணவர் கை கால் கழுவிவிட்டு உட்கார்ந்ததும் சொன்னேன். அவர் டீ டம்ளரைக் கீழே வைக்கவில்லை.

"வீடு இருக்குல்ல? எங்கயும் ஓடியா போயிடும்?"

"எழுபது வயசுல எதுலேர்ந்து கட்டுவீங்க?"

"அப்ப வீட்டு வெலை எங்கயோ போயிருக்கும். எல்லாரும்தான் கட்டறாங்க. நீ ஒருத்திதான் இதப் போட்டு நோண்டிக்கிட்டிருக்க."

அவர் சொன்னது முழுக்கத் தப்பில்லை. வீடு வாங்கும்போது நாங்கள் இரண்டு கேள்விதான் கேட்டிருந்தோம்: வீடு என்ன விலை, மாசம் எவ்வளவு. இரண்டுக்கும் பதில் கிடைத்தது. மொத்தம் எவ்வளவு ஆகும் என்று நாங்கள் கேட்கவில்லை, யாரும் சொல்லவும் இல்லை. இப்படியே கட்டி முடித்தால் முப்பது லட்சத்துக்கு எண்பத்தைந்து லட்சத்துக்கு மேல் போகும். இதைக் கைபேசியில் கணக்குப் போட்டுப் பார்த்தது, கோயிலுக்குப் போகிற வழியில் ஸ்ரீரங்கம் பஸ்ஸில், காவிரிப் பாலத்தின் மேல். தப்பாகப் போட்டுவிட்டோமோ என்று திரும்பவும் போட்டேன். வண்டி அம்மா மண்டபம் தாண்டும்போதும் போட்டுக்கொண்டிருந்தேன்.

அதற்குப் பிறகு என்னால் ஓர் இடத்தில் உட்கார முடியவில்லை. கதவைத் திறந்தால் அந்தக் கதவுக்கு எவ்வளவு வட்டி என்று தோன்றும். சமையலறை டைல்ஸை ஆசை ஆசையாகக் கடைகடையாய் ஏறித் தேர்ந்தெடுத்திருந்தேன். அதைத் துடைக்கும்போது, இதற்கு மூன்று மடங்கு கொடுக்கப்போகிறோம் என்று கை நின்றுவிடும். வட்டி விகிதம் பற்றி டிவியில் செய்தி வந்தால் மகளைப் பேசவிட மாட்டேன். முன்பெல்லாம் அந்தச் செய்திக்குச் சத்தத்தைக் குறைத்தவள் நான்.

மறுபடியும் வங்கிக்குப் போனோம், இந்த முறை இரண்டு பேருமாக. மாதம் ஐந்தாயிரம் கூட்டிக் கட்டினால் பழைய கெடுவுக்குள் முடியும் என்றார்கள். கூட்டச் சொல்லி எழுதிக் கொடுத்தோம். அந்த ஐந்தாயிரத்துக்காக ஸ்ரீரங்கத்தில் வீட்டுக்குப் போய்ப் பார்க்கும் நோயாளிகளைப் பிடித்தேன். மூட்டு மாற்று அறுவை செய்துகொண்டவர்கள், விழுந்து இடுப்பு உடைந்தவர்கள். மருத்துவமனை முடிந்ததும் நேரே பாலம் தாண்டிப் போவேன். கணவர் ஓவர்டைம் கேட்டு வாங்கினார்.

ஐந்தாயிரத்தோடு நான் நின்றிருக்கலாம். நிற்கவில்லை. கூடுதலாகப் பத்தாயிரம் அசலில் போட்டால் கடைசியில் ஒரு மாதத்துக்கு மேல் குறைகிறது என்று தெரிந்த பிறகு, கையில் வரும் எந்தப் பணத்தையும் வேறு எதற்கும் கொடுக்க மனசு வரவில்லை. தீபாவளி போனஸ் அசலுக்குப் போனது. கணவரின் வண்டி கிக்கரை உதைத்தால்தான் கிளம்பும்; புது வண்டிக்கு வைத்திருந்த பணமும் போனது. அதற்கு அவர் ஒரு வாரம் பேசவில்லை.

ஸ்ரீரங்கம் உத்தர வீதியில் ஒரு மாமிக்கு முழங்கால் பயிற்சி கொடுத்துக்கொண்டிருந்தேன். மகன்கள் வெளிநாட்டில். வலிக்கும்போதெல்லாம் "ரங்கா, ரங்கா" என்பாள். ஒருநாள் பயிற்சி நடுவில் காலை இழுத்துக்கொண்டாள்.

"ஏம்மா, நீ என் காலப் பாக்கறதே இல்ல. அந்தக் கடியாரத்தத்தான் பாக்கற. ஆத்துல கொழந்த தனியா இருக்கா என்ன?"

"இல்ல மாமி, எதிர்த்த வீட்ல இருக்கா."

"ராத்திரி சாப்பாடும் அங்கேதானா?"

சில நாள் அங்கேதான். எதிர் வீட்டில் இருந்தது ஒரு முஸ்லிம் குடும்பம். குடும்பத் தலைவர் துபாயில், அவர் மனைவி இரண்டு பெண் பிள்ளைகளோடு இங்கே இருந்தார். நான் அக்கா என்றுதான் கூப்பிடுவேன். பள்ளி வேன் மகளை அந்த வாசலில்தான் இறக்கிவிடும். நான் போய்க் கூப்பிட்டால் முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்வாள். அந்த வாரத்திலேயே ஒருநாள், செருப்புக்கூடப் போடாமல் அவர்கள் வீட்டுப் படியில் உட்கார்ந்துகொண்டு வர மாட்டேன் என்றாள்.

"நம்ம வீட்டுக்கு வாடி."

"அங்க யாரு இருக்கா? நீ வந்தா துணி துவைப்ப, அப்பா வந்தா தூங்குவாரு. இங்க எல்லாரும் இருக்காங்க."

அந்த அக்கா சிரித்து மழுப்பினார். "இருக்கட்டும்மா, புள்ளதானே. சாப்ட்டு வரட்டும்."

நான் தெருவைக் கடந்து எங்கள் வீட்டைத் திறந்தேன். காலையில் கோலம் போட்ட வாசல், காலையில் மடித்துப் போட்ட பாய், காலையில் கழுவிக் கவிழ்த்த டம்ளர்கள். அந்த வீட்டுக்காகத்தான் நாங்கள் மூன்று பேரும் விடிந்ததிலிருந்து இருட்டும்வரை வெளியே இருந்தோம். விளக்கைப் போடாமல் கொஞ்ச நேரம் கூடத்தில் நடந்தேன். உட்கார வேண்டும் என்று தோன்றவில்லை.

அந்தச் சமயத்தில்தான் கணவரின் நண்பர் வந்தார். இருவரும் ஒரே பட்டறையில் வெல்டர்களாகச் சேர்ந்தவர்கள். அரியமங்கலத்தில் ஒரு ஷெட் வாடகைக்கு வருகிறது, மெஷின் இரண்டு கிடைக்கும், கூட்டாளியாக வாருங்கள் என்று கேட்டார். முதல் ஒரு வருடம் சம்பளம் என்று எதுவும் எடுக்க முடியாது. கணவர் வரைபடம் போட்டுக் காட்டும் அளவுக்கு ஆர்வமாகப் பேசினார். கிரேன் எங்கே வரும், கட்டிங் எங்கே வைக்கலாம் என்றெல்லாம். பிறகு திடீரென்று நிறுத்தினார்.

"எனக்கு இ.எம்.ஐ. இருக்குப்பா. வேற ஆளப் பாரு."

நண்பர் போன பிறகு அவர் வண்டியை எடுத்துக்கொண்டு எங்கோ சுற்றிவிட்டு வந்தார். நான் வாசலிலேயே நின்றிருந்தேன்.

"ஏங்க, வித்துடலாமா?"

அவர் கோபப்படுவார் என்று நினைத்தேன். வண்டியை ஸ்டாண்டு போட்டுவிட்டு என்னையே பார்த்தார். "நீ வெளையாட்டுக்குச் சொல்றியா?"

"இல்ல."

"நாஞ்சொன்னா நீ அழுவேன்னு நெனச்சு சொல்லாம இருந்தேன்."

லால்குடிப் பக்கத்தில் விவசாயம் பார்க்கும் அவருடைய அண்ணன், செய்தி தெரிந்த ஞாயிற்றுக்கிழமையே பஸ் ஏறி வந்துவிட்டார். மனிதர் நல்லவர். வீடு வாங்கும்போது அறுவடைப் பணத்தில் இரண்டு லட்சம் கொடுத்துவிட்டுத் திருப்பிக் கேட்காதவர். காபியைக்கூடத் தொடவில்லை.

"நகைய வித்தா நாளைக்கு வாங்கிக்கலாம். வீட்ட வித்தா ஊர்ல என்ன பேசுவாங்க? நொடிச்சுப் போயிட்டாங்கன்னுதான் பேசுவாங்க. தம்பி, உனக்கு என்னடா கொறச்சல்?"

கணவர் தலையைக் குனிந்துகொண்டார். நான்தான் பேசினேன்.

"மாமா, பத்திரம் பேங்க்ல இருக்கு. அவரு எழுபது வயசு வரைக்கும் யாருக்கோ வேல பாத்தாத்தான் அது நம்ம கைக்கு வரும். இப்ப இத வித்தா அவரு சொந்தமா ஒரு தொழில் பாப்பாரு."

"தொழில் ஓடலன்னா?"

நான் காபி டம்ளரை அவர் பக்கம் நகர்த்தினேன். அவர் அதட்டவில்லை. "நீங்க ரெண்டு பேரும் முடிவு பண்ணிட்டுத்தான் சொல்றீங்க. எனக்கென்ன" என்று சொல்லிவிட்டு மத்தியானச் சாப்பாட்டுக்கு இருக்காமல் கிளம்பினார். பஸ் ஸ்டாப் வரை கணவர் கூடவே போனார்.

வாங்க வந்தது கல்யாணமாகி ஒரு வருடம் ஆன ஜோடி. அவர்களும் வங்கிக் கடனில்தான். அந்தப் பெண் பூஜை அலமாரியைத் திறந்து பார்த்தாள், தண்ணீர் எப்படி வரும் என்று கேட்டாள், பிறகு குரலைத் தாழ்த்தி, "வீடு ராசியானதுதானேக்கா? ஏன் விக்கறீங்க?" என்றாள்.

"ராசியெல்லாம் நல்ல ராசிதான். ஒண்ணு மட்டும் ஞாபகம் வச்சுக்கோம்மா. வட்டி ஏறுச்சுன்னா, தவணைய ஏத்தச் சொல்லுங்க. வருஷத்த ஏத்த விட்றாதீங்க. வருஷா வருஷம் போயி இன்னும் எவ்வளவு இருக்குன்னு கேளுங்க."

அவள் மரியாதைக்குத் தலையாட்டினாள். கண் மாடிப்படிக்குப் போய்விட்டது. மேலே ஓர் அறை எடுக்கலாமா என்று அவள் கணவனிடம் கேட்டுக்கொண்டிருந்தாள். அவளைக் குறை சொல்ல முடியாது. எனக்கும் யாராவது அன்றைக்குச் சொல்லியிருந்தால், டைல்ஸ் கடை மூடுவதற்குள் போக வேண்டும் என்றுதான் நினைத்திருப்பேன்.

அவர்கள் வங்கி எங்கள் வங்கிக்குப் பணத்தைக் கொடுத்தது. பதிவு அலுவலகத்தில் எங்கள் பத்திரத்தை இரண்டாம் முறையாகப் பார்த்தேன். வாங்கிய அன்று அரை மணி நேரம் கையில் இருந்தது. விற்ற அன்று அதுகூட இல்லை. கடன் போக, நாங்கள் முதலில் போட்ட சொந்தப் பணமும் கொஞ்சம் மேலும் வந்தது. கட்டிய வட்டியை அந்த வீட்டில் குடியிருந்த வாடகை என்று வைத்துக்கொண்டோம். அந்தத் தெருவில் நடப்பிலிருந்த வாடகையைவிட அது ரொம்பக் கூடுதல் என்று இருவருக்கும் தெரியும். அண்ணனுடைய இரண்டு லட்சத்தைக் கொண்டுபோய்க் கொடுத்தோம். எண்ணாமல் வாங்கி உள்ளே வைத்தார்.

இப்போது ஸ்ரீரங்கத்தில் மாடிப் போர்ஷனில் வாடகைக்கு இருக்கிறோம். வீடு விற்றதில் மீதிப் பணத்தைப் போட்டுக் கணவர் நண்பரின் ஷெட்டில் கூட்டாளி ஆகிவிட்டார். முதல் வருடம் பயமாகவே போனது. இரண்டு மாதம் ஒரு ரூபாய்கூட வீட்டுக்கு வரவில்லை, என் சம்பளத்தில் ஓட்டினோம். இப்போது வருகிறது, சீராக இல்லை என்றாலும் வருகிறது. நான் மாலை நோயாளிகளில் இரண்டு பேரை மட்டும் வைத்துக்கொண்டேன், நடந்து போகிற தூரத்தில். மகள் பள்ளி விட்டு வரும்போது பெரும்பாலும் வீட்டில் இருக்கிறேன். பழைய எதிர் வீட்டு அக்காவின் பெண்களோடு வீடியோ காலில் சண்டை போடுகிறாள்.

நிம்மதி என்று சொல்ல மாட்டேன். வீட்டுக்காரர் மாடி ஏறி வந்தால் காலி பண்ணச் சொல்லத்தான் வருகிறார் என்று தோன்றுகிறது. வைகுண்ட ஏகாதசிக்கு அவர்கள் சொந்தக்காரர்கள் வந்தால் எங்கள் மாடியிலும் படுப்பார்கள். முடியாது என்று சொல்ல நாங்கள் யார்? சுவரில் ஆணி அடிக்கக் கேட்க வேண்டியிருக்கிறது. கெடு இல்லாத வாடகைக்கும் ஒரு மொத்தம் உண்டு. அதையும் ஒருநாள் போட்டுப் பார்த்தேன். சந்தோஷமான கணக்கு இல்லை.

போன மாதம் ஞாயிற்றுக்கிழமை கணவர் சட்டை மாற்றிக்கொண்டு, "கே.கே. நகர்ல ஒரு வீடு வருது. சும்மா பாத்துட்டு வருவமா?" என்றார். சும்மா என்ற வார்த்தையை நாங்கள் இரண்டு பேருமே நம்பவில்லை. போனோம். பெயிண்ட் வாசனை போகாத வீடு. மகள் ஓடிப்போய் மேலே ஜன்னலைத் திறந்து எட்டிப் பார்த்தாள். கட்டியவர் மாசத் தவணை எவ்வளவு வரும் என்று அவராகவே சொல்ல ஆரம்பித்தார்.

"அது இருக்கட்டுங்க. பதிவு, பத்திரச் செலவு, உள்வேல எல்லாம் சேத்து எவ்வளவு? பாதிய நாங்களே போட்டா மீதி பத்து வருஷத்துல முடியுமா? வட்டி ரெண்டு பர்சன்ட் ஏறினா என்ன ஆகும்?"

அவர் என் கணவரைப் பார்த்தார். "மேடம் பேங்க்ல இருக்காங்களா சார்?"

"இல்லங்க, பிசியோதெரபி" என்றார் கணவர். ஷெட்டுக்கு வந்தபின் அவர் முகம் இவ்வளவு கவலையாகி நான் பார்த்ததில்லை. பாதியைப் போட்டால் ஷெட்டில் போட்ட பணத்தை எடுக்க வேண்டும் என்று அவருக்கும் தெரியும், எனக்கும் தெரியும்.

திரும்பும்போது மகள் நடுவில் உட்கார்ந்திருந்தாள். சிக்னலில் வண்டி நின்றபோது, "அந்த மாடி ரூம் எனக்குத்தானேப்பா?" என்று கேட்டாள். அவர் திரும்பி என்னைப் பார்த்தார். பின்னால் ஹாரன் அடித்தார்கள், வண்டியை எடுத்தார்.