ஏழுவிளை அறுப்பில் விட்ட இடம்

இது நடந்தது. நம்பாதவர்கள் பகவதிப்பெருமாளைத் தெரியாதவர்கள். அந்த மனிதர் வாயைத் திறந்தால் தன் பெருமைதான். தன்னைச் சிறுமைப்படுத்தும் பொய்யை அவரால் கட்டவே முடியாது.

தம்பானூரில் ஒரு துணிக்கடைக்குக் கணக்கெழுதி ஓய்வு பெற்றவர். பேச்சோ ஜமீன்தார் பேச்சு. பாறசாலைக்கு அந்தப் பக்கம், தமிழ்நாட்டு எல்லையை ஒட்டிக் கிடக்கும் ஏழுவிளை என்ற சின்ன ஊரின் வரலாற்றை எழுதக் கிளம்பினார். அங்கே வயல் யாருக்கும் தனியாகக் கிடையாது. சேர்ந்து விதைப்பார்கள், சேர்ந்து அறுப்பார்கள். ஊர் முகப்பில் புதிதாக வளைவு கட்டப் போகிறார்கள். அதில் தன் தாத்தா தாணுமாலையனின் பெயர் வர வேண்டும். வரலாறு எழுத வந்தது அதற்காகத்தான், வேறெதற்கும் இல்லை.

அறுப்பு நாளில் காரில் போய் இறங்கினார்.

“கூட்டுப் பண்ணையாவது ஒண்ணாவது! இது எங்க தாத்தா நிலம். நீங்கல்லாம் கூலிக்கு வந்த கூட்டம்.”

அறுப்பை நடத்துகிற உலகம்மை அரிவாளை முந்தானையில் துடைத்தாள். “அப்படியே எழுதுங்க சார். பேப்பர் உங்களுதுதானே.”

பெண்கள் சிரித்தார்கள். அவருக்குச் சுருக்கென்றது.

ஆட்கள் வரிசையாக நின்றார்கள். நடுவில் மட்டும் ஓர் ஆள் அகலத்துக்கு இடம் விட்டிருந்தார்கள்.

“அங்க ஏன் ஆளில்லை?”

“அது ஒராளுக்கு உள்ளதாக்கும். மத்தவங்க நிக்கமாட்டோம்.”

“மூடத்தனம்! நடு இடம் நிலத்துக்காரனுக்கு.” செருப்பைக் கழற்றினார். வேட்டியை மடித்துக் கட்டினார். அங்கேயே போய் நின்றார்.

“சார், வேண்டாம் கேட்டியளா!”

கேட்டால் அவர் பகவதிப்பெருமாள் இல்லையே.

வரிசை நகர்ந்தது. சரக்... சரக்... இருபுறமும் கதிர் சாய்ந்தது. உச்சிவெயில் முதுகில் எரிந்தது. வயல் காய்ந்து வெடித்துக் கிடந்தது. ஆனால் அவர் கால்கள் சேற்றில் புதைந்தன. குளிர்ந்த சேறு.

அவருக்கு முன்னால் நின்ற கதிரும் சாய்ந்தது.

அவர் கையில் அரிவாள் இல்லை.

சரக்...

பிடரியில் மூச்சு. வெற்றிலை வாடை.

“தாணு... வந்துட்டியாலே?”

திரும்ப முடியவில்லை.

“குனி.”

முதுகு தானாக வளைந்தது. உள்ளங்கையில் ஒரு மரப்பிடி... இறுகியது.

“அறு.”

அறுத்தார்.

வரப்புவரை.

உலகம்மை அவர் முகத்தில் தண்ணீர் தெளித்தபோது வரப்பில் கிடந்தார். கையில் ஒன்றுமில்லை. உள்ளங்கை முழுக்கக் கொப்புளம்.

“யாருக்க இடம் அது?” குரல் கீச்சென்று வந்தது.

“உங்க தாத்தாவுக்குள்ளது. ரெண்டு மாநிலத்துக்கும் நடுவில எல்லைக்கல் நட்ட அன்னைக்கு, பாதி அறுப்பில அரிவாளை எறிஞ்சிட்டு அந்தப் பக்கம் போனவராக்கும். அங்க கெடந்த ஊர் வயல் முழுக்கத் தனக்குன்னு சொல்லிட்டாரு. விட்டுட்டுப் போனவனுக்க வேலையை வேற ஆளு செய்யப்பிடாது. அதான் இடம் விடுதோம்.”

“முன்னமே சொல்லக்கூடாதா?”

“நீங்கதானே சார் வரலாறு எழுதுதது!”

வளைவில் யார் பெயரும் வரவில்லை. தாத்தா பேச்சையே அவர் விட்டுவிட்டார். அத்தனை பெருமையும் ஒரு அரிவாள் பிடியோடு போயிற்று.

அடுத்த அறுப்பு நாளில் அவருக்குக் கடுமையான காய்ச்சல். மகள் ஜெயஷீலா பக்கத்தை விட்டு நகரவில்லை. கஞ்சியைக்கூட அவள்தான் ஊட்டினாள். மறுநாள் காலை உலகம்மை போன் செய்தாள்.

“சாருக்கு எங்ககூட என்ன கோவம்? நேத்து அறுத்துட்டு, சொல்லாம போயிட்டாரே. சோறு எடுத்து வச்சிருந்தோம்.”

“அப்பா நேத்து கட்டிலை விட்டு எழும்பவே இல்லியே...”

“என்ன மக்கா சொல்லுத? நான் பக்கத்துலதானே நின்னேன்.” உலகம்மை சிரித்தாள். “சாருக்கு இப்பம் கை நல்லா பழகிட்டு.”