ஐம்பத்திரண்டு பல் பிஸ்கட்

ஐந்தாம் வகுப்பில் எனக்குப் பிடித்த தின்பண்டம் பற்றிக் கட்டுரை எழுதச் சொன்னார்கள். மற்ற பிள்ளைகள் முறுக்கையும் அதிரசத்தையும் எழுதித் தப்பித்துக்கொண்டார்கள். நான் ஜெர்மன் நாட்டு வெண்ணெய் பிஸ்கட்டை எழுதி மாட்டிக்கொண்டேன்.

அம்மா அப்போது ஒரகடத்தில், கார் உதிரிபாகம் செய்யும் கம்பெனி ஒன்றில் காண்ட்ராக்ட் வேலையில் இருந்தாள். புதிய இயந்திரத்தை ஓட்டிக் காட்ட ஜெர்மனியிலிருந்து ஒருவர் வந்திருந்தார். அது கோளாறில்லாமல் ஓடிய முதல் நாள், உற்பத்தி லைனில் நின்ற எல்லோருக்கும் அவர் ஆளுக்கு இரண்டு பிஸ்கட் கொடுத்து அதன் கதையையும் சொன்னாராம். உடனிருந்த இஞ்சினியர் அதைத் தமிழில் சொல்லியிருக்கிறார். அம்மா ஒன்றை என்னிடம் கொடுத்தாள். இன்னொன்றை அங்கேயே தின்றுவிட்டதாகச் சொன்னாள்.

அந்தக் கதையை நான் அவளிடமிருந்து வாங்க மூன்று நாள் ஆனது. ஷிப்ட் முடிந்து வந்து படுத்தபடியே, கண்ணை மூடிக்கொண்டு சொல்வாள். நூறு வருஷத்துக்கு முன்னால் ஒரு வியாபாரி லண்டனில் பிஸ்கட்டைப் பார்த்துவிட்டு ஊர் திரும்பி, அதேபோலச் செய்ய ஆரம்பித்தார் என்ற இடத்தில் தூங்கிவிட்டாள். தங்கள் ஊரில் வாழ்ந்த ஒரு கணித மேதையின் பெயரை அதற்கு வைத்தார் என்பது மறுநாள் வந்தது. ரயிலில் போகிறவர்கள் கையில் கொண்டுபோக ஈரம் புகாத உறை போட்டதும், பிஸ்கட்டின் ஓரம் சுற்றிலும் ஐம்பத்திரண்டு பல் வைத்ததும் மூன்றாம் நாள். ஒவ்வொரு முறையும் நான் அவள் தோளைப் பிடித்து உலுக்கினேன்.

டீச்சர் கட்டுரையை வகுப்பில் உரக்கப் படித்தார். எல்லோரும் சிரித்தார்கள்.

"பிஸ்கட்டுக்குப் போய் கணக்கு மேதை பேரை வெப்பாங்களா? நீயா கட்டி வுட்டுட்டு அம்மா சொன்னாங்கங்கிற. நாளைக்கு அவங்கள இட்டுக்கினு வா."

மறுநாள் கடைசி வகுப்பின்போது அம்மா வந்தாள். முந்தின நாள் ராத்திரி ஷிப்டுக்குப் போனவள், அப்படியே ஓவர்டைமும் பார்த்துவிட்டு, கம்பெனி பஸ்ஸில் பள்ளி இருக்கும் சுங்குவார்சத்திரத்தில் இறங்கி நேராக வந்திருந்தாள். நீல மேல்சட்டையைக்கூடக் கழற்றவில்லை.

"எம்பொண்ணு பொய் சொல்லாது டீச்சர். நான் சொன்னத தான் எழுதிகீது" என்றாள்.

"அப்ப நீங்களே கட்டிச் சொன்ன கதையா?"

அம்மா மேஜையருகே கிடந்த நாற்காலியில் உட்கார்ந்தாள். சாப்பாட்டு டப்பாவைத் திறந்து, காகிதத்தில் மடித்திருந்த அந்த இன்னொரு பிஸ்கட்டை எடுத்து மேஜைமேல் வைத்தாள். ஒரு மூலை உடைந்திருந்தது. நடுவில் பதித்திருந்த எழுத்துகளை டீச்சர் கூட்டிப் படித்தார். கட்டுரையை எடுத்து அதில் இருந்த பெயரோடு ஒப்பிட்டார். பிறகு பேனா முனையால் ஓரத்துப் பற்களைத் தொட்டுத் தொட்டு எண்ணினார்.

"நாப்பத்தொம்போது வருது. ஒடஞ்சதுல மூணு போயிருக்கும்" என்றார். என் நோட்டில் நன்று என்று எழுதினார்.

நான் பெருமையோடு திரும்பினேன். அம்மா நாற்காலியில் உட்கார்ந்தபடி தூங்கிக்கொண்டிருந்தாள், வாய் லேசாகத் திறந்திருக்க. பின் பெஞ்சில் யாரோ குறட்டை விட்டுக் காட்டினார்கள். டீச்சர் உதட்டில் விரலை வைத்து வகுப்பை அடக்கிவிட்டு, மணி அடிக்கும்வரை தாழ்ந்த குரலிலேயே பாடம் நடத்தினார். அந்தக் கால் மணி நேரமும் நான் கரும்பலகையைவிட்டுக் கண்ணை எடுக்கவில்லை. ஜெயித்த பிறகும் இப்படி ஒரு அவமானமா என்றிருந்தது.

எங்கள் ஊரான வல்லம் வடகாலுக்குப் போகும் பேருந்தில் பாதி இருக்கைகள் காலி. அம்மா என்னை ஜன்னலோரம் உட்காரவைத்துவிட்டு, கம்பியைப் பிடித்தபடி நின்றே வந்தாள்.

"உக்காரும்மா" என்றேன்.

"வாணாம், நீ உக்காரு."

தூங்கியதற்காக நான் முகத்தைத் தூக்கிவைத்துக்கொண்டது அவளுக்குக் கோபம், அதனால்தான் பக்கத்தில் உட்கார மாட்டேன் என்கிறாள் என்று நினைத்துக்கொண்டேன். வீடு வரும்வரை நானும் பேசவில்லை.

இப்போது நானும் ஷிப்ட் வேலைக்குப் போகிறேன். உட்கார்ந்தால் தூங்கிவிடுவோம், இறங்கும் இடம் போய்விடும் என்று, காலி இருக்கையின் பக்கத்திலேயே நின்றுகொண்டு வருகிற நாட்கள் எனக்கும் இருக்கின்றன.