கமால் போட்ட மூன்று கையெழுத்து

காமயகவுண்டன்பட்டி கமாலுக்குச் சொந்தமாக ஒரு திராட்சைக் கொடிகூடக் கிடையாது. அடுத்தவர் தோட்டத்தைக் குத்தகைக்கு எடுத்து, மருந்தடித்து, மழைக்குப் பயந்து, மிஞ்சியதில் குடும்பம் நடத்திய மனிதர். அவரை ஒரே காலையில் இரண்டு ஏக்கர் தோட்டத்துக்கு முதலாளியாக்கியவன் நான். உத்தமபாளையத்தில் வக்கீல் குமாஸ்தாவாக இருபத்தெட்டு வருடம் குப்பை கொட்டியவன்.

அது 2006. கமாலின் பக்கத்து வீட்டு ஜீப் டிரைவர் பால்பாண்டி மலைப்பாதையில் வண்டியைக் கவிழ்த்துவிட்டான். ஏலக்காய்த் தோட்ட வேலைக்குப் போன இரண்டு பெண்கள் இறந்துபோனார்கள். அவனை ஜாமீனில் எடுக்க ஆள் கிடைக்காமல் அவன் மனைவி ராமுத்தாய் கோர்ட் வாசலில் அழுதுகொண்டு நின்றாள்.

"நான் நிக்கிறேன் ஆத்தா, அழுகாத" என்று வந்தவர் கமால்தான்.

ஜாமீன் கொடுப்பவருக்குச் சொத்து வேண்டுமே? எழுதினேன்: இரண்டு ஏக்கர் சொந்தத் தோட்டம், ஆண்டு வருமானம் ஒன்றரை லட்சம். எங்கள் பக்கம் ஜாமீன் பத்திரத்தில் கோவணாண்டியும் மிராசுதார்தான். யாரும் தோண்டிப் பார்ப்பதில்லை. அதே மாதம் அவர் மகள் ரஃபியாவின் அரசு உதவித்தொகை விண்ணப்பத்தையும் நானே பூர்த்தி செய்தேன். மதுரையில் நர்சிங் படித்தாள், கெட்டிக்காரப் பிள்ளை. அதில் உள்ளதை உள்ளபடி எழுதினேன்: குத்தகை விவசாயி, வருமானம் இருபத்துநாலாயிரம். இரண்டிலும் கமால் வாசித்துப் பார்க்காமல் கையெழுத்துப் போட்டார். என்மேல் அவ்வளவு நம்பிக்கை. நாசமாய்ப் போன நம்பிக்கை.

மறு வருடம் எந்தப் புண்ணியவானோ ஜாமீன் பத்திரத்தின் நகலை வைத்து மொட்டை மனு போட்டான். வருமானத்தை மறைத்து விண்ணப்பித்ததாகச் சொல்லி உதவித்தொகையை நிறுத்தினார்கள். ரஃபியா பேரில் மதுரை ஐகோர்ட்டில் ரிட் போட்டோம். வழக்கு முடியும்வரை கட்டணத்துக்குக் கல்லூரி பொறுத்துக்கொண்டது. 2009இல் விசாரணைக்கு வந்தபோது வக்கீல் ஒரே ஒரு வழிதான் சொன்னார்: ஜாமீன் பத்திரம்தான் பொய் என்று கமாலே சத்தியம் செய்ய வேண்டும்.

"அப்பிடிச் சொன்னா பால்பாண்டி கதி என்னண்ணே?" என்று கமால் என்னைக் கேட்டார்.

"அவுக வேற ஆளு பாத்துக்கிருவாக. நீ ஒம் மக படிப்பப் பாருப்பா."

மூன்று நாள் யோசித்துவிட்டு வந்து கையெழுத்துப் போட்டார். அந்த மூன்றாவது பத்திரத்தையும் நான்தான் எழுதினேன்.

உண்மைக்கு நல்ல கூலி கிடைத்தது. அது ஜாமீன் கோர்ட்டுக்கும் எட்டி, பொய் ஜாமீன் கொடுத்ததாகக் கமால்மேல் தனி வழக்கு. பால்பாண்டியை வேறு ஜாமீன் கொண்டுவரச் சொன்னார்கள். கமால் பட்ட பாட்டைப் பார்த்தபின் எவன் வருவான்? பால்பாண்டி உள்ளே போனான். அடுத்த மாதமே ரிட்டும் தள்ளுபடி. ஒரு பத்திரத்தில் பொய் சொன்னதாக ஒப்புக்கொண்டவர், இன்னொன்றில் மட்டும் உண்மை சொன்னார் என்று எப்படி நம்புவது எனக் கேட்டிருந்தது தீர்ப்பு.

கடைசி வருடம் பாக்கியிருக்க, ரஃபியா பெட்டியோடு ஊர் திரும்பினாள். அன்று நானும் அவர்கள் வீட்டில் இருந்தேன். ராமுத்தாய் வாசலுக்கு வந்தாள். சண்டை போடத்தான் வருகிறாள் என்று நினைத்தேன்.

"அண்ணே, பிள்ளைக்காகத்தான அவுகளக் காட்டிக் குடுத்தீக. நானா இருந்தாலும் அதான் செஞ்சிருப்பேன்" என்று கமாலிடம் சொல்லிவிட்டுப் போய்விட்டாள்.

மண்ணை வாரித் தூற்றியிருந்தால்கூடக் கமால் தாங்கியிருப்பார்.

விடுதியிலேயே இருந்த ரஃபியாவுக்குப் பால்பாண்டி ஜெயிலில் இருப்பது அப்போதுதான் தெரிந்தது.

"அத்தா, என்னையக் கேட்டீகளா? கேட்டிருந்தா வேணாம்னு சொல்லியிருப்பேனே" என்றாள் அப்பாவிடம்.

வழக்கு அவள் பேரில்தான் இருந்தது. வக்காலத்தில் கையெழுத்து வாங்கியதோடு சரி. அதற்குப் பிறகு அவளிடம் நாங்கள் ஒரு வார்த்தையும் கேட்கவில்லை.