பேஸ்காரனின் முறை

ஜாஸ் பியானோ ட்ரியோவில் மூன்று பேர். சனத்தின் கண்ணில் படுவது இரண்டு பேர். மூன்றாமவன் நான். டபிள் பேஸ்: ஆளைவிட உயரம், நாலு தந்தி. நான் தனியாக வாசிக்கிற முறை வந்தால்தான் சனம் கதைக்கவும் இருமவும் தொடங்கும். பேஸ் சுமக்கிற சகோதரங்களே, உங்களுக்கு நான் சொல்லியா தெரியவேண்டும்?

கோயிலில்

எண்பதுகள். ஊரைவிட்டு வந்த எங்கள் சனம் கூடுகிற லூயிஷாம் கோயில். மாமா, அதாவது மனிசியின் தகப்பன், என்னை ஒருவருக்கும் அறிமுகப்படுத்த மாட்டார். வாசித்துப் பிழைப்பது அவருக்கு வேலையே இல்லை. ஒருநாள் டொக்டர் ஒருவர் நேரே கேட்டுவிட்டார்: "உங்கடை மருமோன் என்ன செய்யிறார்?" கலியாணம் முடித்த நாளிலிருந்து நான் சும்மா இருந்ததில்லை. மாமா கையிலிருந்த சுண்டலைப் பார்த்தபடி சொன்னார்: "அவர் இப்ப லீவிலை நிக்கிறார்."

கசெட்

எங்கள் கசெட் ஒன்றை மாமாவுக்குப் போட்டுக் காட்டினேன். நான் செய்த விசர் வேலை. பியானோவுக்குத் தலையாட்டினார். ட்ரம்ஸுக்குத் தொடையில் தட்டினார். பேஸ் தனியாகத் தொடங்கியது, எழும்பிவிட்டார். "பாட்டு முடிஞ்சுது. ஆருக்குத் தேத்தண்ணி?"

ஸ்டூடியோவில்

பிறகு ரீவி நிகழ்ச்சி ஒன்று வந்தது. மாமா பார்ப்பார். என் முகம் தெரிந்தே ஆகவேண்டும். ஒத்திகையில் டைரக்டர் சொன்னான், பேஸ் வாசிக்கும்போது கமெரா பியானோக்காரியின் முகத்தில் நிற்குமாம். எங்கள் பியானோக்காரி ஜோன், என்னைவிடச் சிடுமூஞ்சி.

பதிவில் என் முறை வந்தது. ஜோன் பியானோவிலிருந்து கையை எடுத்தாள். ஸ்டூலில் அப்படியே திரும்பி, கமெராவுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு என்னைப் பார்த்தபடி இருந்தாள். வேறு வழியில்லாமல் கமெரா என்னிடம் வந்தது. வாசித்தேன். அப்படி முன்னும் வாசிக்கவில்லை, பின்னும் வாசிக்கவில்லை. முடிந்ததும் டைரக்டர் ஓடிவந்து கத்தினான். ஜோன் பியானோ மூடியைச் சாத்தினாள். "பார்க்க வேண்டியது அவரைத்தான். நானும் அதைத்தான் செய்தேன்."

மாமா வீட்டில்

ஒளிபரப்பான அன்று மனிசி அந்த டொக்டரையும் கூப்பிட்டுவிட்டாள். மாமாவின் முகம் சரியில்லை. பியானோ ஓய்ந்தது, பேஸ் தொடங்கியது. மாமா வழக்கம்போல எழும்பிக் குசினிக்குப் போகக் கோப்பையை எடுத்தார். வாசலில் ஒருக்கால் திரும்பிப் பார்த்தார். திரை முழுக்க என் முகம், என் விரல்கள். வெறுங்கோப்பையோடு அப்படியே நின்றார். டொக்டர் துள்ளினார்: "உது உங்கடை மருமோனெல்லே! லீவெண்டு சொன்னியள்?" மாமா திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "சத்தம் போடாதையுங்கோ, டொக்டர். மருமோன் வேலையிலை நிக்கிறார்."

அன்று ஒருவருக்கும் தேத்தண்ணி கிடைக்கவில்லை, ஆனால் என் லீவு முடிந்தது.